புனுவலுக்கு எதிரே உட்கார்ந்தவர்: ழான்-குளோத் கரியேர் எப்படி எழுதினார்?

கேள்வி இதுதான்: "ழான்-குளோத் கரியேர் என்ற பிரெஞ்சு எழுத்தாளரின் பெயரை ஸ்பானிய இயக்குநர் லூயிஸ் புனுவல் படத்திலும் பார்க்கிறேன், மிலோஷ் ஃபோர்மன் படத்திலும் பார்க்கிறேன், பிரிட்டிஷ் நாடக இயக்குநர் பீட்டர் புரூக்கின் மகாபாரதத்திலும் பார்க்கிறேன். ஒன்றுக்கொன்று ஒட்டாத இத்தனை பேருக்கு ஒரே ஆள் எப்படி எழுதினார்? சொந்தப் பாணி என்று ஏதாவது இருந்ததா, இல்லை கூலிக்கு எழுதியவரா?"

கூலிக்கும் எழுதியிருக்கிறார், அதில் சந்தேகம் வேண்டாம். 1950களின் கடைசியில் ஒரு பதிப்பகத்துக்காக, பெனுவா பெக்கர் என்ற புனைபெயரில், ஃபிராங்கன்ஸ்டைன் உருவாக்கிய பூதத்தை வைத்து வரிசையாகத் திகில் நாவல்கள் எழுதித் தள்ளியவர். ஹெசுஸ் ஃபிராங்கோவின் மலிவுப் படங்களுக்கும் திரைக்கதை எழுதியிருக்கிறார், அதுவும் புனுவலோடு வேலை பார்த்துக்கொண்டிருந்த அதே காலத்தில். நூற்றுக்கும் மேற்பட்ட படைப்புகளில் பெயர் போட்டவர் என்றால் எல்லாமே முத்தாக இருக்காது. ஆனால் கூலிக்காரர் என்று தள்ளிவிடவும் முடியாது. நான் கவனித்த வரை அவருக்கென்று ஒரு வசன நடை கிடையாது. வேலை பார்க்கும் முறை என்று ஒன்று இருந்தது. அந்த முறை எங்கிருந்து வந்தது என்று சொன்னால் உங்கள் கேள்விக்குப் பதில் கிடைத்துவிடும்.

1931-இல் தெற்கு பிரான்சின் எரோ பகுதியில், கொலோம்பியேர்-சுர்-ஓர்ப் என்ற சின்ன ஊரில் பிறந்தார். திராட்சை பயிரிட்டு ஒயின் செய்யும் குடும்பம். புத்தகம் இல்லாத வீட்டில் பிறந்தவன் என்று பிற்காலத்தில் சொல்லிக்கொள்வார். இறக்கும்போது பல்லாயிரம் புத்தகங்களோடு வாழ்ந்துகொண்டிருந்தார் என்பது வேறு விஷயம். 1945-இல் பெற்றோர் பாரிஸை ஒட்டிய மோந்த்ராய்க்கு வந்து ஒரு காபிக் கடை நடத்தினார்கள். பையன் நன்றாகப் படித்தான், சேன்-க்ளூவில் இருந்த உயர்கல்விப் பள்ளியில் இடம் பிடித்தான், வரலாறு படித்தான். இந்த வரலாற்றுப் படிப்பை மறந்துவிடாதீர்கள், பின்னால் உதவும்.

1957-இல் முதல் நாவல் வந்தது. அதை வெளியிட்ட ரொபேர் லாஃபோன், நகைச்சுவை மேதை ழாக் தாத்தியோடு ஒரு ஒப்பந்தம் வைத்திருந்தார்: தாத்தியின் படங்களை நாவலாக எழுதி விற்பது. சில இளம் எழுத்தாளர்களை ஆளுக்கொரு அத்தியாயம் எழுதச் சொல்லி தாத்தியிடம் கொடுத்தார்கள். தாத்தி தேர்ந்தெடுத்தது கரியேர் எழுதியதை.

கரியேர் தாத்தியைப் பார்க்கப் போகிறார். சினிமாவைப் பற்றி என்ன தெரியும் என்று கேட்கிறார் தாத்தி. எனக்கு சினிமா என்றால் உயிர், வாரம் தவறாமல் பார்ப்பேன் என்கிற மாதிரி இவர் ஏதோ சொல்ல, "அதைக் கேட்கவில்லை, படம் எப்படி எடுக்கிறார்கள் என்று தெரியுமா?" என்கிறார் தாத்தி. தெரியாது. உடனே தன் எடிட்டர் சுசான் பரோனைக் கூப்பிட்டு, இந்தப் பையனுக்கு சினிமா என்றால் என்னவென்று காட்டு என்று ஒப்படைத்துவிடுகிறார். அந்த அம்மா அவரை எடிட்டிங் மேசைக்கு அழைத்துப் போய், 'ஹூலோவின் விடுமுறை' படத்தின் முதல் ரீலை மூவியோலா என்ற எடிட்டிங் இயந்திரத்தில் மாட்டுகிறார். பக்கத்தில் அந்தப் படத்தின் ஸ்கிரிப்டை வைக்கிறார். ஒரு கையை ஸ்கிரிப்டின் மேலும் இன்னொரு கையை ரீலின் மேலும் வைத்து, இதிலிருந்து இதற்குப் போவதுதான் மொத்தப் பிரச்சினையும் என்கிறார்.

கரியேர் இந்தக் கதையைத் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறார். மற்ற எழுத்தாளர்கள் காகிதத்திலிருந்து சினிமாவுக்கு வந்தார்கள். இவருக்கு எடிட்டிங் அறைதான் பள்ளிக்கூடம். அதனால்தான் திரைக்கதையை ஓர் இலக்கியப் பிரதியாக அவர் கடைசி வரை நினைக்கவில்லை. படப்பிடிப்பு முடிந்ததும் ஸ்கிரிப்டுகள் ஸ்டுடியோவின் குப்பைக் கூடையில் கிடப்பதைச் சொல்லி, கம்பளிப்பூச்சி பட்டாம்பூச்சி ஆனபின் மிஞ்சுகிற கூடு அது என்பார். தன் எழுத்து குப்பைக்குப் போவதைப் பற்றி வருத்தமே இல்லாமல் பேசிய எழுத்தாளர் வேறு யாரையும் எனக்குத் தெரியாது.

தாத்தியின் கூடாரத்தில்தான் பியேர் எதெக்ஸ் அறிமுகமானார். ஓவியர், கோமாளி, வித்தைக்காரர், எல்லாம் ஓர் ஆள். இருவரும் சேர்ந்து எடுத்த குறும்படம் 'பிறந்தநாள் வாழ்த்து' என்ற பொருள்படும் தலைப்பில் 1962-இல் வந்தது. பிரெஞ்சில் பிறந்தநாளுக்கும் திருமண நாளுக்கும் ஒரே சொல்தான். திருமண நாளுக்கு மனைவியோடு சாப்பிட வீட்டுக்குக் கிளம்பிய ஒருவன் பாரிஸ் போக்குவரத்து நெரிசலில் சிக்கிக்கொள்கிறான். அவ்வளவுதான் கதை. அவன் வீடு போய்ச் சேரும்போது மனைவி தானே சாப்பிட்டுக் குடித்துத் தூங்கிப் போயிருப்பாள். பேச்சு அநேகமாக இல்லை. அதற்கு ஆஸ்கர் கிடைத்தது. கரியேருக்கு அப்போது முப்பத்தொன்று. எதெக்ஸின் 'யோயோ' உட்பட முழுநீளப் படங்களும் தொடர்ந்தன. உரிமைச் சிக்கலில் மாட்டி அந்தப் படங்கள் பல வருடம் யாரும் பார்க்க முடியாமல் கிடந்தன, 2010 வாக்கில்தான் செப்பனிட்டு வெளியே வந்தன. இந்த ஒரு காரணத்தாலேயே கரியேரை 'புனுவலின் ஆள்' என்று மட்டும் ஒரு தலைமுறை நினைத்துக்கொண்டது. நகைச்சுவையில் தொடங்கியவர் என்பது பலருக்குத் தெரியவே தெரியாது.

சரி, புனுவல். 1963-இல் கான் திரைப்பட விழாவில் சந்தித்தார்கள். புனுவலுக்கு அறுபத்து மூன்று வயது. 'ஒரு பணிப்பெண்ணின் நாட்குறிப்பு' எடுக்க, பிரெஞ்சு நாட்டுப்புற வாழ்க்கை தெரிந்த ஓர் இளம் எழுத்தாளரைத் தேடிக்கொண்டிருந்தார். உட்கார்ந்ததும் கேட்ட முதல் கேள்வி: "ஒயின் குடிப்பீர்களா?" குடிப்பது மட்டுமில்லை, எங்கள் வீட்டில் அதைத் தயாரிக்கவே செய்கிறோம் என்றார் கரியேர். வேலை கிடைத்துவிட்டது. அந்தப் படத்தில் பாதிரியார் வேடத்திலும் அவர்தான் நடித்தார்.

அதன் பிறகு 1977 வரை இன்னும் ஐந்து படங்கள். 'பெல் து ஜூர்', 'பால்வீதி', 'பூர்ஷ்வாக்களின் ரகசிய வசீகரம்', 'சுதந்திரத்தின் பூதம்', 'அந்த மங்கலான ஆசைப் பொருள்' என்று போகும் பட்டியல். படங்களைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். எழுதிய விதம்தான் எனக்கு அதைவிடச் சுவாரசியம்.

ஊருக்கு ஒதுக்குப்புறமான ஒரு விடுதிக்குப் போய்விடுவார்கள், மெக்சிகோவிலோ ஸ்பெயினிலோ. மனைவி வரக்கூடாது, நண்பர்கள் வரக்கூடாது. மூன்று வேளையும் எதிரெதிரே உட்கார்ந்து சாப்பாடு. இப்படி இரண்டாயிரம் வேளைக்கு மேல் இருவர் மட்டுமாகச் சாப்பிட்டிருப்போம் என்று கரியேர் கணக்குச் சொன்னதுண்டு. பகலில் காட்சிகளைப் பேசுவார்கள், நடித்துப் பார்ப்பார்கள். ஒருவர் சொன்ன யோசனை மற்றவருக்கு உடனே பிடிக்கவில்லை என்றால் அது செத்தது. விவாதம் கிடையாது, கோபித்துக்கொள்ளவும் கூடாது. மாலையில் அரை மணி நேரம் தனித்தனியாக இருந்து, ஆளுக்கொரு கதையைக் கற்பனை செய்துகொண்டு பாருக்கு வரவேண்டும். எழுதும் படத்துக்கும் அந்தக் கதைக்கும் சம்பந்தம் இருக்கவேண்டும் என்றில்லை. உடம்புக்குத் தண்டால் எடுப்பது போல மனசுக்கு.

எனக்கு மிகவும் பிடித்தது ஆன்ரி, ஜொர்ஜெத் கதை. இருவரும் கற்பனையில் ஒரு நடுத்தர வர்க்கத் தம்பதியை உருவாக்கி, எதிரே உட்கார்ந்து படம் பார்ப்பதாக வைத்துக்கொள்வார்கள். ஒரு காட்சி அளவுக்கு மீறி விபரீதமாகப் போனால், "ஜொர்ஜெத், எழுந்திரு, இது நமக்கான படம் இல்லை" என்று ஆன்ரி கிளம்பிவிடுவார். அவர்களை எவ்வளவு தூரம் சீண்டலாம், எந்த இடத்தில் எழுந்து போய்விடாமல் பிடித்து வைக்கவேண்டும் என்பதுதான் கணக்கு. புனுவல் படங்கள் கனவுபோல் அவிழ்ந்துகொண்டே போவதாகத் தோன்றும். உள்ளே பார்த்தால் பார்வையாளனைப் பற்றிய இத்தனை துல்லியமான கவலை.

'பூர்ஷ்வாக்கள்' படத்தின் விதையும் ஒரு சாப்பாட்டு மேசைதான். தயாரிப்பாளர் செர்ஜ் சில்பர்மன் தன் வீட்டுக்கு ஆட்களை விருந்துக்கு அழைத்துவிட்டு, மனைவியிடம் சொல்ல மறந்துவிட்டார். அன்றிரவு தானும் வெளியே சாப்பிடப் போயிருந்தார். விருந்தினர் வந்து கதவைத் தட்டினால், அந்த அம்மா சாப்பிட்டு முடித்து இரவு உடையில் நிற்கிறார். இதைக் கேட்ட புனுவலும் கரியேரும், ஆறு பேர் சேர்ந்து சாப்பிட உட்கார்வார்கள், சாப்பிட மட்டும் முடியாது என்று முழுப் படமாக்கினார்கள். கேட்க எளிது. ஆனால் முழுமையாக ஐந்து தடவை திருத்தி எழுதிய பிறகே அது கைக்கு அடங்கியது. ஒரு ஃபிலிம் சொசைட்டி திரையிடலில் முதன்முறை பார்த்தபோது, பக்கத்து இருக்கைக்காரர் இடைவேளையில், "எப்போதுதான் சாப்பிடுவார்கள்?" என்று என்னிடம் உண்மையான கவலையோடு கேட்டார். ஆன்ரியின் ஒன்றுவிட்ட சகோதரர் போலிருக்கிறது. ஆனால் எழுந்து போகவில்லை.

1982-இல் வந்த புனுவலின் தன்வரலாறும் கரியேர் எழுதியதுதான். புனுவல் முதலில் மறுத்தார். கரியேர் அவருடைய குரலில் ஓர் அத்தியாயத்தை எழுதிக் காட்ட, இதை நானே எழுதின மாதிரி இருக்கிறதே என்று சொல்லி ஒப்புக்கொண்டார். இன்னொரு மனிதனின் 'நான்' என்ற இடத்தில் உட்கார்ந்து ஒரு புத்தகம் முழுக்க எழுதுவது. பாணி உண்டா என்று கேட்டீர்களே, அந்தப் புத்தகத்தில் கரியேரைத் தேடிப் பாருங்கள், ஒரு வரியில்கூடக் கிடைக்க மாட்டார்.

மற்ற இயக்குநர்களை வேகமாகத் தாண்டிவிடுகிறேன். லூயி மாலுக்கு 'விவா மரியா', பாரிஸ் திருடனின் கதை, பிறகு 1990-இல் 'மிலூ மே மாதத்தில்'. ஃபோர்மனுக்கு 'டேக்கிங் ஆஃப்', 'வால்மோன்'. ஆந்த்ரே வாய்தாவுக்கு 'தாந்தோன்'. ழாக் தெரேவுக்கு 'நீச்சல் குளம்', 'போர்சலினோ' போன்ற நட்சத்திரப் படங்கள். நாகிஸா ஓஷிமாவுக்கு, ஒருத்தி ஒரு சிம்பன்சியைக் காதலிக்கும் 'மாக்ஸ் மோன் அமூர்'. (ஆமாம், சிம்பன்சிதான்.)

இரண்டு மூன்று இடங்களில் மட்டும் நிற்கவேண்டும். குந்தர் கிராஸின் 'தகர முரசு' நாவலை ஃபோல்கர் ஷ்லோண்டோர்ஃபோடு சேர்ந்து படமாக்கியபோது, மூன்று பாகம் கொண்ட நாவலின் கடைசிப் பாகத்தை அப்படியே விட்டுவிட்டார்கள். மனநல விடுதியில் கிடந்து கதை சொல்லும், வளர்ந்துவிட்ட நாயகன் ஆஸ்கரும் படத்தில் இல்லை. வளர மறுத்த பையன் மட்டும் மிஞ்சினான். 1979-இல் கானின் முதல் பரிசான தங்கப் பனை, அடுத்த வருடம் ஆஸ்கர் விருது. நாவலைப் படமாக்கும்போது எதை விடுவது என்று தெரிந்தவன்தான் பிழைப்பான் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடையாது.

'சிரானோ து பெர்ஜெராக்' நேர் எதிர். 1897-இல் ரோஸ்தான் எழுதிய செய்யுள் நாடகம். அடிக்குப் பன்னிரண்டு அசை. 1990-இல் ழான்-போல் ரப்னோவும் கரியேரும் செய்யுளை அப்படியே வைத்துக்கொண்டு, நீளமான இடங்களைக் குறைத்து, வெட்டிய இடம் தெரியாமலிருக்க அதே யாப்பில் புதிய அடிகளை எழுதிக் கோத்தார்கள். ஒட்டுப் போட்டது யார் கண்ணுக்கும் படவில்லை.

தோல்வியும் உண்டு. மிலன் குந்தெராவின் நாவலை வைத்து 1988-இல் ஃபிலிப் காஃப்மன் எடுத்த படத்துக்குத் திரைக்கதைக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. குந்தெராவுக்கோ படம் தன் நாவலாகத் தெரியவில்லை. இனி என் எந்த நூலையும் படமாக்க அனுமதி இல்லை என்று கதவைச் சாத்திவிட்டார். இதில் நான் குந்தெரா பக்கம். அழகான படம்தான், ஆனால் நாவலின் நடுநடுவே எட்டிப்பார்த்து வாசகனோடு வாதாடும் அந்தக் குரல் படத்தில் எங்குமே இல்லை.

இப்போது மகாபாரதம். புரூக்கோடு கரியேர் 1974-இலிருந்து வேலை பார்த்தார். பாரிஸில் பாழடைந்து கிடந்த பூஃப் து நோர் அரங்கத்தை ஷேக்ஸ்பியரின் 'டைமன்' நாடகத்தோடு புரூக் திறந்தபோது, அதைப் பேச்சு நடை பிரெஞ்சில் கொடுத்தவர் இவர்தான். அந்த நாட்களில் சமஸ்கிருதம் படித்த ஃபிலிப் லாவஸ்தீன் என்பவர் இருவருக்கும் மாலை மாலையாக மகாபாரதக் கதை சொல்லத் தொடங்கினார். புத்தகம் கையில் இல்லை, குறிப்பு இல்லை, வாய்மொழியாக. பாட்டி சொல்லக் கேட்ட மாதிரிதான் கரியேருக்கும் பாரதம் காது வழியாக வந்தது. ஒருநாள் விடியற்காலை மூன்று மணிக்கு லாவஸ்தீன் வீட்டிலிருந்து இறங்கி, ஆளரவமற்ற தெருவில் நின்று, எவ்வளவு காலம் ஆனாலும் சரி, எவ்வளவு நீளமானாலும் சரி, இதைச் செய்துவிடுவது என்று இருவரும் கைகுலுக்கிக்கொண்டார்கள். மேடை ஏற ஏறத்தாழ பத்து வருடம் ஆனது. 1982 முதல் 1985 வரை இந்தியாவுக்குப் பலமுறை வந்து அலைந்தார்கள். அந்தப் பயணக் குறிப்புகளைத் தன் கைப்பட வரைந்த கோட்டோவியங்களோடு பிறகு தனி நூலாகவே கரியேர் போட்டார்.

1985 ஜூலையில் பிரான்சின் அவிஞோன் நாடக விழாவில், ஊருக்கு வெளியே ஒரு பழைய கல் குவாரியில் அரங்கேற்றம். சூதாட்டம், வனவாசம், போர் என்று மூன்று பகுதி, மொத்தம் ஒன்பது மணி நேரம். இரவு முழுக்க நடந்து விடியும்போது முடிந்த ஆட்டங்களும் உண்டு. நம் ஊர்த் தெருக்கூத்தில் விடிய விடிய பாரதம் பார்த்தவர்களுக்கு இதில் ஆச்சரியமில்லை. பிரெஞ்சுக்காரர்களுக்குப் பெரிய அதிசயம். இத்தனை பெரிய காவியத்தின் வாசலை அவர் வைத்த விதத்தைப் பாருங்கள். ஒரு சிறுவன் நிற்கிறான். வியாசர் அவனிடம் கேட்கும் முதல் கேள்வி: "உனக்கு எழுதத் தெரியுமா?" தெரியாது என்கிறான் பையன். வியாசரோ காவியத்தை மனதில் கட்டி முடித்துவிட்டார், ஒன்றும் எழுதி வைக்கவில்லை. அப்புறம்தான் பிள்ளையார் வருகிறார். லாவஸ்தீன் சொல்ல இரண்டு வெள்ளைக்காரர்கள் வாய்பிளந்து கேட்டார்களே, அந்த அறைதான் இங்கே மேடையாகியிருக்கிறது என்று எனக்குத் தோன்றும்.

1989-இல் அதே நாடகம் ஐந்து மணி நேரத்துக்கு மேல் ஓடும் தொலைக்காட்சித் தொடராகவும், சுமார் மூன்று மணி நேரப் படமாகவும் வந்தது. நம் ஊரில் ஞாயிறு காலை பி. ஆர். சோப்ராவின் மகாபாரதத்துக்குத் தெருக்கள் வெறிச்சோடிக் கிடந்த அதே காலம். ஆப்பிரிக்கர், ஆசியர், ஐரோப்பியர் என்று பல நாட்டு நடிகர்கள். ஆப்பிரிக்கக் கதைசொல்லி மரபில் வந்த சொதிகி குயாதே பீஷ்மர். திரௌபதி மட்டும் இந்தியர், மல்லிகா சாராபாய். (கேப்டன் லட்சுமியின் தங்கை மிருணாளினியின் மகள்.) விமர்சனம் கடுமையாக வந்தது. ரஸ்தம் பரூச்சா போன்றவர்கள், இந்தியாவின் காவியத்தை அதன் மண்ணிலிருந்தும் சமயத்திலிருந்தும் பிடுங்கி மேற்குக்கு விற்ற சரக்கு இது என்றார்கள். கீதை சில நிமிடங்களில் முடிந்துவிடுவதும் குறையாகச் சொல்லப்பட்டது. அந்தக் குறைகளை மறுக்கமாட்டேன். ஆனாலும் கர்ணனும் குந்தியும் சந்திக்கும் காட்சியைப் பாருங்கள். நகை இல்லை, கிரீடம் இல்லை, பின்னணியில் சங்கு ஊதவில்லை. ஒரு தாயும் மகனும் தாழ்ந்த குரலில் பேசிக்கொள்கிறார்கள்.

தொலைக்காட்சியை அவர் இரண்டாந்தர வேலையாக நினைத்தவரில்லை. என்னைக் கேட்டால் அவருடைய சொந்தக் குரல் கேட்கும் படைப்பே தொலைக்காட்சிக்கு எழுதியதுதான்: 1992-இல் ழான்-தனியேல் வெரேக் இயக்கிய 'வல்லதோலித் விவாதம்'. கொலம்பஸ் அமெரிக்கா போய் ஐந்நூறு வருடமான ஆண்டு அது. 1550-இல் ஸ்பெயினின் வல்லதோலித் நகரில், அமெரிக்கப் பழங்குடிகளை நடத்தும் விதம் பற்றி லாஸ் காசாஸ் பாதிரியாரும் செபூல்வேதா என்ற அறிஞரும் வாதிட்டார்கள். கரியேர் அதை ஒரே மடத்துக்குள், அநேகமாக ஒரே கூடத்துக்குள் அடைத்துவிட்டார். லாஸ் காசாஸாக ழான்-பியேர் மரியேல், செபூல்வேதாவாக ழான்-லூயி த்ரந்தினியான், நடுவராகப் போப்பின் தூதராக ழான் கார்மே. பேச்சு, பேச்சு, பேச்சு. நடுவில் ஒரு பழங்குடிக் குடும்பத்தைக் கூடத்துக்கே கொண்டுவந்து நிறுத்திவிடுவார்கள். இவர்கள் மனிதர்கள்தானா என்று சோதிக்கவேண்டுமாம். கோமாளிகளை விட்டு இவர்களுக்குச் சிரிப்பு வருகிறதா என்று பார்ப்பார்கள். பார்க்கும் நமக்கு எங்கே முகத்தை வைத்துக்கொள்வது என்று தெரியாது. கடைசியில் தீர்ப்பு பழங்குடிகளுக்குச் சாதகமாக வரும். அப்படியானால் சுரங்கத்தில் கூலியில்லாமல் வேலை செய்ய ஆளுக்கு எங்கே போவது என்ற கேள்வி எழும். தூதர் யோசித்துவிட்டு, ஆப்பிரிக்கா இருக்கிறதே என்பார்.

வரலாறு படித்தவர் வரலாற்றை வளைத்திருக்கிறார் என்பதையும் சொல்லவேண்டும். உண்மையான விவாதத்தில் போப்பின் தூதர் கிடையாது. இருவரும் நேருக்கு நேர் மோதிக்கொள்ளவுமில்லை, தனித்தனியாகத்தான் பேசினார்கள். பழங்குடிகளுக்கு ஆன்மா உண்டு என்பதைப் போப் 1537-லேயே ஒப்புக்கொண்டாகிவிட்டது. வல்லதோலித்தில் கேள்வி, அவர்கள்மீது போர் தொடுப்பது நியாயமா என்பது. கரியேருக்கு இதெல்லாம் தெரியாமலில்லை. ஒரு கூடம், இரண்டு வாய், ஒரு நடுவர் என்ற அமைப்புக்காக விட்டுக்கொடுத்தார். பத்து வருடம் முன்பு 'மார்த்தின் கேர் திரும்பி வந்தான்' படத்திலும் கிட்டத்தட்ட இதுதான். காணாமல்போன கணவன் திரும்பி வருகிறான். அவன் அவன்தானா என்று நீதிமன்றம் விசாரிக்கிறது. அந்தப் படத்துக்கு ஆலோசகராக இருந்த வரலாற்றாசிரியர் நடாலி டேவிஸ், சினிமா விட்டுவிட்டுப் போன நிச்சயமின்மைகளை எழுதவேண்டுமென்றே தன் புகழ்பெற்ற நூலை எழுதினார். இதில் எதையும் கரியேரின் 'பாணி' என்று சொல்லத் தயங்குவேன். ஆனால் எதிரில் இருப்பவன் சொல்வதைக் காது கொடுத்துக் கேட்டு, நம்புவதா வேண்டாமா என்று தடுமாறும் ஒருவன் இவர் கதைகளில் திரும்பத் திரும்ப வருகிறான்.

தனியாக எதையும் இயக்கவே இல்லையா என்று கேட்டால், ஒரு குறும்படம் உண்டு. விடுதி அறையில் நகவெட்டி காணாமல்போகும் கதை, 1969-இல் கானில் பரிசும் வாங்கியது. அதோடு சரி. 1986-இல் பாரிஸில் தொடங்கிய ஃபெமிஸ் திரைப்படப் பள்ளிக்குப் பத்து வருடம் தலைவராக இருந்தார். 2014-இல் கௌரவ ஆஸ்கர், 2015-இல் நம் பத்மஸ்ரீ. கடைசி வருடங்களில் ஃபிலிப் கரேல், லூயி கரேல் என்று தந்தைக்கும் மகனுக்கும் எழுதிக்கொண்டிருந்தார். 2021 பிப்ரவரியில் பாரிஸில் இறந்தபோது எண்பத்தொன்பது வயது. பிறந்த ஊரிலேயே அடக்கம் செய்தார்கள்.

எங்கிருந்து தொடங்குவது என்றால், அந்தப் பிறந்தநாள் குறும்படம், பிறகு 'பூர்ஷ்வாக்கள்', பிறகு வல்லதோலித். மகாபாரதத்தில் மூன்று மணி நேரப் பதிப்பைத் தவிர்த்து நீளமானதையே பாருங்கள். சுருக்கியதில் மூச்சு முட்டும்.

அப்புறம் அப்பாஸ் கியாரொஸ்தமியின் 'சர்டிஃபைட் காப்பி'. 2010-இல் வந்தது. கரியேர் அதை எழுதவில்லை, நடித்திருக்கிறார், ஒரே ஒரு காட்சிதான். இத்தாலியச் சதுக்கம் ஒன்றில், மனைவியோடு வந்த ஒரு முதியவர். அங்கே சண்டை போட்டுக்கொண்டிருக்கும் நாயகனைத் தனியே அழைத்து, அப்பா மகனிடம் பேசுவது போலப் பேசுவார். அவளுக்கு வேண்டியது பெரிதாக ஒன்றும் இல்லை, பக்கத்தில் நடக்கும்போது அவள் தோளில் கையை வை, போதும் என்பார். சொல்லிவிட்டுத் தன் மனைவியோடு நடந்து போய்விடுவார். நாயகன் போய்க் கையை வைப்பான்.